வட்டார வர்த்தக ஒப்பந்தங்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வட்டார வர்த்தக ஒப்பந்தம் என்றால் அண்டை நாடுகளுக்கு இடையில் மட்டும் செய்துகொள்வதா?

பெயர் அப்படித்தான் சொல்கிறது, ஆனால் நடைமுறை வேறு. இரண்டு அல்லது அதற்கு மேற்பட்ட நாடுகள் தங்களுக்குள் சுங்கவரியைக் குறைத்துக்கொண்டாலே உலக வர்த்தக அமைப்பு அதை இந்த வகையில்தான் சேர்க்கிறது. ஐரோப்பிய ஒன்றியமும் தென்கிழக்கு ஆசியாவின் ஆசியானும் அக்கம்பக்கத்து நாடுகளின் கூட்டணிகள். ஆனால் 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த ஐரோப்பிய ஒன்றியம் - ஜப்பான் ஒப்பந்தத்தில் இரு தரப்புக்கும் இடையே ஒரு கண்டமே கிடக்கிறது. பசிபிக்கைச் சுற்றியுள்ள நாடுகளின் சி.பி.டி.பி.பி. ஒப்பந்தத்தில் 2024 டிசம்பரில் பிரிட்டன் சேர்ந்தது. எனவே "வட்டாரம்" என்பதை "உறுப்பினர் வட்டம்" என்று படித்துக்கொள்வது நல்லது. இன்று 350-க்கும் மேற்பட்ட ஒப்பந்தங்கள் நடைமுறையில் உள்ளன. எந்த ஒப்பந்தத்திலும் சேராமல் கடைசிவரை இருந்த மங்கோலியாவுக்கும் 2016-இல் ஜப்பானுடனான ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்துவிட்டது.

எல்லா நாடுகளையும் ஒரே மாதிரி நடத்த வேண்டும் என்பதுதானே உலக வர்த்தக அமைப்பின் அடிப்படை? இது அதற்கு முரண் இல்லையா?

முரண்தான். அதனால்தான் அதற்கென்று தனி விதிவிலக்கு வைத்திருக்கிறார்கள். உலக வர்த்தக அமைப்புக்கு அடிப்படையான, 1947-இன் காட் உடன்படிக்கையின் முதல் பிரிவு, ஒரு நாட்டுக்குத் தரும் வரிச்சலுகையை எல்லா உறுப்பு நாடுகளுக்கும் தரவேண்டும் என்கிறது. இப்படிப் பொதுவாக எல்லாருக்கும் விதிக்கும் வரியைத்தான் எம்.எஃப்.என். வரி என்கிறோம். அதே உடன்படிக்கையின் 24-ஆம் பிரிவு, சில நிபந்தனைகளோடு இந்த விதியிலிருந்து விலகலாம் என்று அனுமதிக்கிறது. உறுப்பினர்களுக்குள் நடக்கும் "ஏறத்தாழ முழு வர்த்தகத்துக்கும்" வரி நீக்கப்பட வேண்டும். வெளியாட்களுக்கான தடை முன்பைவிடக் கூடக் கூடாது. வரியை நீக்கி முடிப்பதற்கான இடைக்காலம் பொதுவாக 10 ஆண்டுகளைத் தாண்டக் கூடாது.

"ஏறத்தாழ முழு" என்றால் எவ்வளவு என்று இன்றுவரை யாரும் எண்ணால் வரையறுக்கவில்லை. அந்த இடைவெளியில்தான் பால், சர்க்கரை, அரிசி போன்ற "உணர்திறன் பொருட்கள்" வரிநீக்கப் பட்டியலுக்கு வெளியே தங்கிவிடுகின்றன. வளரும் நாடுகள் தங்களுக்குள் செய்துகொள்ளும் ஒப்பந்தங்களுக்கு 1979-இன் சிறப்பு விதி இன்னும் தளர்வான இடம் தருகிறது.

தடையற்ற வர்த்தகப் பகுதிக்கும் சுங்க ஒன்றியத்துக்கும் என்ன வேறுபாடு?

தடையற்ற வர்த்தகப் பகுதியில் உறுப்பினர்களுக்குள் வரி இல்லை. ஆனால் வெளியுலகுக்கு ஒவ்வொரு நாடும் தன் சொந்த வரியை வைத்துக்கொள்ளும். சுங்க ஒன்றியத்தில் வெளிவரியும் பொதுவானது. ஐரோப்பாவில் 1968 முதல் அப்படித்தான்.

இந்த ஒரு வேறுபாட்டிலிருந்துதான் மற்ற சிக்கல்கள் எல்லாம் கிளைக்கின்றன. ஒரு கூட்டாளி நாட்டின் வெளிவரி 2%, இன்னொன்றின் வெளிவரி 15% என்று வைத்துக்கொள்வோம். மூன்றாம் நாட்டுச் சரக்கு 2% கட்டி முதல் நாட்டில் இறங்கி, அங்கிருந்து வரியே இல்லாமல் இரண்டாவது நாட்டுக்குள் போய்விடும். இந்தப் புறவாசலை அடைக்கத்தான் மூலநாட்டு விதிகள். சரக்கு உண்மையில் உறுப்பு நாட்டில் உருவானதா என்று அவை சோதிக்கின்றன.

சுங்க ஒன்றியத்தில் இந்தத் தலைவலி குறைவு, ஆனால் அதற்கு வேறு விலை உண்டு. துருக்கி 1995 கடைசி நாள் முதல் ஐரோப்பிய ஒன்றியத்தோடு தொழிற்பொருட்களுக்கான சுங்க ஒன்றியத்தில் இருக்கிறது. ஐரோப்பா ஒரு புதிய நாட்டோடு ஒப்பந்தம் செய்தால் அந்நாட்டுப் பொருட்கள் ஐரோப்பா வழியாகத் துருக்கிக்குள் வரி இன்றி வந்துவிடும். ஆனால் துருக்கியின் பொருட்களுக்கு அந்நாட்டுக் கதவு தானாகத் திறக்காது. துருக்கி தனியாகப் பேசி இன்னொரு ஒப்பந்தம் போட வேண்டும்.

இந்த ஒப்பந்தங்கள் உலக வர்த்தகத்தைப் பெருக்குகின்றனவா, வெறுமனே திசைதிருப்புகின்றனவா?

இரண்டும் நடக்கும். இந்த வேறுபாட்டை 1950-இல் முதலில் தெளிவாக வைத்தவர் பொருளாதார அறிஞர் ஜேக்கப் வைனர். ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தால் விளங்கும்.

இறக்குமதி செய்யும் நாட்டின் வரி 20%. கூட்டாளி ஆகப்போகும் நாட்டின் பொருள் 100 டாலர், வெளிநாடு ஒன்றின் அதே பொருள் 92 டாலர். ஒப்பந்தத்துக்கு முன் இருவருக்கும் வரி உண்டு. கூட்டாளியின் பொருள் 120, வெளிநாட்டுப் பொருள் 110.40 டாலர். மலிவானவரிடமிருந்து வாங்குகிறார்கள். அரசுக்கு 18.40 டாலர் வரி கிடைக்கிறது.

ஒப்பந்தத்துக்குப் பின் கூட்டாளிக்கு வரி இல்லை. அவருடைய பொருள் 100 டாலருக்கே வருகிறது, வெளிநாட்டாருடையது 110.40-லேயே நிற்கிறது. கொள்முதல் கூட்டாளிக்கு மாறுகிறது. வாங்குபவருக்கு 10.40 டாலர் லாபம், அரசுக்கு 18.40 டாலர் நட்டம். நாட்டுக்கு மொத்தத்தில் 8 டாலர் இழப்பு. 92 டாலருக்குச் செய்யக்கூடியவர் வெளியே நிற்க, 100 டாலர் செலவழித்துச் செய்பவர் விற்கிறார். இதுதான் வர்த்தகத் திசைமாற்றம். அதற்கு மாறாக, உள்நாட்டில் 108 டாலர் செலவில் செய்துகொண்டிருந்த பொருளின் இடத்துக்குக் கூட்டாளியின் 100 டாலர் பொருள் வந்தால், அது வர்த்தக உருவாக்கம்.

இப்போது அதே கணக்கில் பொதுவரியை 20-லிருந்து 5 சதவீதமாக்கிப் பாருங்கள். வெளிநாட்டுப் பொருள் 96.60 டாலர், கூட்டாளியின் பொருள் 100. ஒப்பந்தம் இருந்தும் கொள்முதல் மாறாது. ஓர் ஒப்பந்தம் உலகத்துக்கு நல்லதா கெட்டதா என்பதை அந்த ஒப்பந்தத்தின் பக்கங்களில் மட்டும் தேடினால் விடை கிடைக்காது. வெளியாட்களுக்கு அந்த நாடுகள் விதிக்கும் பொதுவரி எவ்வளவு உயரம் என்பதுதான் பெருமளவு தீர்மானிக்கிறது. ஒப்பந்தம் போட்டுக்கொண்டே பொதுவரியையும் குறைத்துவரும் நாடுகளில் திசைமாற்றம் சிறிதாகவே இருக்கும். ஒப்பந்தத்தைப் போட்டுவிட்டுப் பொதுவரியை ஏற்றும் நாடு, தன் மக்களிடமிருந்தே எடுத்துக் கூட்டாளிக்குக் கொடுக்கிறது.

நிஜத்தில் திசைமாற்றம் எப்படித் தெரியும்? ஓர் எடுத்துக்காட்டு?

ஜப்பானின் மாட்டிறைச்சிச் சந்தை. அங்கே பொதுவரி 38.5%. 2018 டிசம்பர் 30 அன்று நடைமுறைக்கு வந்த சி.பி.டி.பி.பி. உறுப்பினர்களுக்கு இது படிப்படியாக இறங்கி 16-ஆம் ஆண்டில் 9% ஆகவேண்டும். இதன் முன்வடிவத்திலிருந்து அமெரிக்கா 2017 ஜனவரியில் விலகியிருந்தது. ஆகவே ஆஸ்திரேலியா, கனடா, நியூசிலாந்து இறைச்சிக்கு வரி இறங்க, அமெரிக்க இறைச்சி 38.5 சதவீதத்திலேயே மாட்டிக்கொண்டது. சந்தையை இழந்துவிடுவோம் என்ற அழுத்தம் அமெரிக்காவைத் தனியே பேச வைத்தது. 2020 ஜனவரி 1 முதல் அதற்கும் அதே வரிப்படிகள் கிடைத்தன.

வெளியே தள்ளப்பட்டவர் உள்ளே வர ஒப்பந்தம் தேடுவதும், அது அடுத்தவரைத் தேடவைப்பதும் சங்கிலிபோலத் தொடரும். ஒப்பந்தங்களின் எண்ணிக்கை இவ்வளவு பெருகியதற்கு இந்த அச்சமே முக்கியக் காரணம் என்பது எங்கள் கருத்து.

ஒப்பந்தம் இருந்தும் பல ஏற்றுமதியாளர்கள் சலுகையைக் கேட்பதே இல்லையே, ஏன்?

கணக்குக் கட்டுப்படியாகாததால். பொதுவரிக்கும் சலுகை வரிக்கும் உள்ள இடைவெளிதான் கையில் கிடைக்கும் பலன். 50,000 டாலர் சரக்கில் பொதுவரி 3%, சலுகை வரி பூஜ்யம் என்றால் மிச்சம் 1,500 டாலர். இதற்காக ஒவ்வொரு மூலப்பொருள் விற்பனையாளரிடமும் உறுதிமொழி வாங்கி, விலைக்கணக்குத் தயாரித்து, சான்றிதழ் எடுத்து, பல ஆண்டுகள் கோப்பைக் காக்க வேண்டும். சிறிய நிறுவனம் "வரியைக் கட்டிவிடலாம்" என்றே முடிவெடுக்கும். பொதுவரி 12% என்றால் மிச்சம் 6,000 டாலர், அப்போது முடிவு மாறும். பொதுவரியே பூஜ்யமாக உள்ள பொருளுக்குச் சான்றிதழ் எடுப்பது வீண் வேலை. அதையும் பலர் பழக்கத்தில் செய்துகொண்டிருக்கிறார்கள்.

வட அமெரிக்காவில் இது கண்கூடாகத் தெரிந்தது. பொதுவரி மிகக் குறைவு என்பதால் மெக்சிகோ, கனடா சரக்குகளில் பெரும்பங்கு, இம்மூன்று நாடுகளின் யு.எஸ்.எம்.சி.ஏ. ஒப்பந்தச் சலுகையைக் கேட்காமலே அமெரிக்காவுக்குள் போய்க்கொண்டிருந்தது. 2025 மார்ச்சில் அமெரிக்கா இவ்விரு நாடுகள்மீது கூடுதல் வரி போட்டு, ஒப்பந்த விதிகளுக்கு உட்பட்ட சரக்குக்கு மட்டும் விலக்கு அளித்தது. உடனே சலுகை கோருவோர் எண்ணிக்கை வேகமாக உயர்ந்தது. சரக்கு அதே சரக்குதான், காகித வேலைக்கு இப்போது மதிப்பு வந்துவிட்டது.

பொருள் "உறுப்பு நாட்டில் உருவானது" என்று எப்படி முடிவு செய்கிறார்கள்?

முழுக்க ஓரிடத்தில் விளைந்தது, பிடித்தது, தோண்டியது என்றால் கேள்வியே இல்லை. வெளிநாட்டு மூலப்பொருள் கலந்திருந்தால் மூன்று வகைச் சோதனைகள் உண்டு. எந்தப் பொருளுக்கு எந்தச் சோதனை என்பதை ஒப்பந்தத்தின் பின்னிணைப்பில் எச்.எஸ். குறியீடு (பொருட்களை வகைப்படுத்தச் சுங்கத்துறைகள் பொதுவாகப் பயன்படுத்தும் எண்) வாரியாகப் போட்டிருப்பார்கள்.

முதலாவது குறியீடு மாற்றம். வெளியிலிருந்து வந்த மூலப்பொருளின் குறியீடும் செய்துமுடித்த பொருளின் குறியீடும் வேறாக இருக்க வேண்டும். எத்தனை இலக்க அளவில் வேறு என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. பருத்தி நூல் 5205, பருத்தித் துணி 5208. நூலை இறக்குமதி செய்து துணி நெய்தால் "தலைப்பு" எனப்படும் நான்கு இலக்க எண் மாறிவிட்டது, "அத்தியாயம்" எனப்படும் முதல் இரண்டு இலக்கமான 52 மாறவில்லை. "தலைப்பு மாற்றம்" கேட்கும் ஒப்பந்தத்தில் இந்தத் துணி தேறும், "அத்தியாய மாற்றம்" கேட்பதில் தேறாது. பச்சைக் காபிக்கொட்டையை வறுத்தால் நிறமும் மணமும் விலையும் மாறுகின்றன, ஆனால் குறியீடு 0901.11-லிருந்து 0901.21 ஆகிறது. நான்கு இலக்கம் அப்படியே இருப்பதால் தலைப்பு மாற்ற விதியில் வறுவல் எடுபடாது.

இரண்டாவது மதிப்புக் கூட்டல். எஃப்.ஓ.பி. விலையிலிருந்து (சரக்கைக் கப்பலில் ஏற்றும்வரையான விலை) வெளிநாட்டு மூலப்பொருளின் மதிப்பைக் கழித்து, மீதியை எஃப்.ஓ.பி. விலையால் வகுக்க வேண்டும். ஆசியானிலும் 15 ஆசிய-பசிபிக் நாடுகளின் ஆர்.செப். ஒப்பந்தத்திலும் பல பொருட்களுக்கு 40% போதும். கார்களுக்கு வட அமெரிக்காவில் பழைய நாஃப்டா ஒப்பந்தம் 62.5% கேட்டது, அதன் இடத்தில் 2020 ஜூலையில் வந்த யு.எஸ்.எம்.சி.ஏ. 75% கேட்கிறது. அதோடு காரின் மதிப்பில் 40 முதல் 45% வரை மணிக்குக் குறைந்தது 16 டாலர் சம்பளம் உள்ள ஆலைகளிலிருந்து வரவேண்டும்.

மூன்றாவது குறிப்பிட்ட செய்முறை. ஆடைகளுக்கு "நூலிலிருந்தே" என்ற விதி பிரபலம். நூல் நூற்பது, துணி நெய்வது, வெட்டித் தைப்பது மூன்றும் உறுப்பு நாடுகளுக்குள் நடக்க வேண்டும். இறக்குமதித் துணியில் சட்டை தைத்தால், அத்தியாயமே மாறினாலும் சலுகை கிடைக்காது.

40% விதியில் தேறிக்கொண்டிருந்த பொருள் திடீரென்று தேறாமல் போவது ஏன்?

உற்பத்தியில் எதுவும் மாறியிருக்காது, விலை மாறியிருக்கும். ஒரு கருவியின் எஃப்.ஓ.பி. விலை 1,000 டாலர், வெளிநாட்டுப் பாகங்கள் 520 டாலர். உள்மதிப்பு 48%, தேறுகிறது. வாங்குபவர் கேட்டார் என்று 15% தள்ளுபடி கொடுத்து விலையை 850 ஆக்கினால், 850-இல் 520 கழித்து 330. அதை 850-ஆல் வகுத்தால் 38.8%. சலுகை போச்சு. விற்பனைப் பிரிவு தள்ளுபடி கொடுத்தது ஆவணப் பிரிவுக்குத் தெரியாமலே பழைய கணக்கில் சான்றிதழ் போய்க்கொண்டிருக்கும். தணிக்கையில் மாட்டுவது பெரும்பாலும் இப்படித்தான்.

பாகங்களின் மதிப்பில் இறக்குமதிச் சரக்குக் கட்டணமும் காப்பீடும் சேரும் ஒப்பந்தங்கள் உண்டு. அங்கே கப்பல் கட்டணம் ஏறினாலே உள்மதிப்பு சரியும். நாணய மாற்று விகிதமும் அதே வேலையைச் செய்யும். 40% எல்லைக்கு மிக அருகில் வைத்து ஒரு வியாபாரத்தைத் திட்டமிடாதீர்கள். எட்டுப் பத்து புள்ளிகள் இடைவெளி இல்லை என்றால், குறியீடு மாற்ற விதியில் தேறுமா என்று முதலில் பாருங்கள். பல ஒப்பந்தங்கள் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க விடுகின்றன, குறியீடு மாற்றம் விலை ஏற்ற இறக்கத்தால் கெடாது.

"திரட்டல்" என்கிறார்களே, அது என்ன?

ஒரு கூட்டாளி நாட்டின் மூலப்பொருளைத் தன் நாட்டுப் பொருளாகவே கணக்கில் எடுத்துக்கொள்ளும் உரிமை. வட்டார ஒப்பந்தங்களின் உண்மையான வலிமை இங்கேதான் இருக்கிறது. மூன்று நாடுகள் தனித்தனியே இருவர் இருவராக மூன்று ஒப்பந்தம் போட்டால் ஒன்றின் பாகம் இன்னொன்றில் செல்லாது. ஒரே ஒப்பந்தத்தில் மூவரும் இருந்தால் செல்லும். 2022 ஜனவரியில் தொடங்கிய ஆர்.செப். முதன்முறையாகச் சீனாவையும் ஜப்பானையும் ஒரே சலுகைக் குடையின்கீழ் கொண்டுவந்ததன் முக்கியத்துவம் இதுதான். சில சமயம் வெளியாளுக்கும் வாசல் வைப்பார்கள். 2020 ஆகஸ்டில் நடைமுறைக்கு வந்த ஐரோப்பா - வியட்நாம் ஒப்பந்தம், வியட்நாம் ஆடைகளில் தென்கொரியத் துணியையும் கணக்கில் சேர்த்துக்கொள்ள அனுமதிக்கிறது.

சான்றிதழ் இருந்தும் சுங்கத்தில் சலுகை மறுக்கப்படுவது எதனால்?

அதிகம் நடப்பது குறியீட்டுத் தகராறு. ஏற்றுமதியாளர் ஒரு எச்.எஸ். எண் போட, இறங்கும் நாட்டுச் சுங்கத்துறை வேறு எண்ணில் வகைப்படுத்தும். எண் மாறினால் பொருந்தும் விதியும் மாறிவிடும். எந்த எண் பொருந்தும் என்று சரக்கை அனுப்புமுன்பே இறக்குமதி நாட்டுச் சுங்கத்துறையிடம் முன்தீர்ப்பு வாங்கிவிடுவது இதற்குச் சரியான மருந்து.

அடுத்தது பாதை. பெரும்பாலான ஒப்பந்தங்கள் நேரடிப் பயணம் கேட்கின்றன. வழியில் உறுப்பினரல்லாத நாட்டுத் துறைமுகத்தில் கப்பல் மாறலாம், ஆனால் சரக்கு சுங்கக் கண்காணிப்பை விட்டு வெளியே போயிருக்கக் கூடாது. அதைக் காட்ட முழுப் பயணத்துக்குமான ஒரே கப்பல் சரக்குச் சீட்டு வேண்டும். இரண்டு சீட்டுகளாக உடைந்திருந்தால் நிரூபிப்பது கடினம்.

கிடங்கில் வைத்துப் பிரித்து அனுப்புவது மூன்றாவது. பிரிட்டன் 2021 ஜனவரியில் ஐரோப்பியச் சந்தையை விட்டு வெளியேறியபோது பல வியாபாரிகள் இதில் அடிபட்டார்கள். "பூஜ்ய வரி ஒப்பந்தம் இருக்கிறதே" என்று நம்பி, ஐரோப்பாவில் செய்த பொருளைப் பிரிட்டன் கிடங்குக்குக் கொண்டுவந்து, எதுவும் செய்யாமல் அயர்லாந்துக்கு அனுப்பினார்கள். பிரிட்டனில் உருவானதல்ல என்பதால் அந்தப் பொருளுக்கு வரி விழுந்தது. ஆசியான், ஆர்.செப். போன்றவற்றில் இடைநாடு வழங்கும் தொடர் சான்றிதழ் இதற்கு வழி தருகிறது.

மற்றவை சிறு பிழைகள், ஆனால் விளைவு அதேதான்: விலைப்பட்டியல் எண் பொருந்தாமை, மூன்றாம் நாட்டு விலைப்பட்டியல் என்ற கட்டத்தில் குறி இடாமை, கப்பல் புறப்பட்ட பின் எடுத்த சான்றிதழில் "பின்தேதியில் வழங்கப்பட்டது" என்ற குறிப்பு விடுபடுதல்.

முதல்முறை ஏற்றுமதி செய்கிறவர் எந்த வரிசையில் பார்க்க வேண்டும்?

1. பொருளின் எச்.எஸ். எண்ணை ஆறு இலக்கத்துக்கு உறுதிசெய்யுங்கள். இறங்கும் நாட்டின் கூடுதல் இலக்கங்களையும் வாங்குபவரிடம் கேளுங்கள்.
2. அந்நாட்டின் பொதுவரியையும் ஒப்பந்தப்படி இந்த ஆண்டுக்கான சலுகை வரியையும் எடுத்து இடைவெளியைக் கணக்கிடுங்கள். இடைவெளி இல்லை என்றால் இங்கேயே நிறுத்திவிடலாம்.
3. இரு நாடுகளுக்கும் இடையே ஒன்றுக்கு மேற்பட்ட ஒப்பந்தங்கள் இருந்தால் எது எளிதில் தேறும் என்று ஒப்பிடுங்கள். குறைந்த வரி உள்ளதுதான் சிறந்தது என்று இல்லை.
4. மூலப்பொருட்கள் ஒவ்வொன்றுக்கும் குறியீடு, விலை, மூலநாடு போட்டுப் பட்டியல் தயாரியுங்கள். மூலநாடு தெரியாததை வெளிநாட்டுப் பொருளாகவே எடுத்துக்கொள்ளுங்கள்.
5. பிறகுதான் சான்றிதழ். சில ஒப்பந்தங்களில் அரசு அமைப்பு தரும், சிலவற்றில் ஏற்றுமதியாளரே அறிவிக்கலாம். ஐரோப்பிய ஒப்பந்தங்களில் பொதுவாக 6,000 யூரோ வரையிலான சரக்குக்கு யாரும் விலைப்பட்டியலிலேயே அறிவிப்பு எழுதிக் கொடுத்துவிடலாம்.

பன்னாட்டு வர்த்தக மையம் உலகச் சுங்க அமைப்போடும் உலக வர்த்தக அமைப்போடும் சேர்ந்து நடத்தும் மூலநாட்டு விதித் தேடுதளம் இலவசம். குறியீட்டைக் கொடுத்தால் விதியைக் காட்டும்.

ஒப்பந்தத்தில் இல்லாத ஏழை நாடுகள் என்ன ஆகின்றன?

அவர்களுக்குத்தான் அடி பலமாக விழுகிறது. ஐரோப்பா 2001 முதல் மிகவும் பின்தங்கிய நாடுகளுக்கு ஆயுதம் தவிர எல்லாப் பொருளுக்கும் வரி விலக்குத் தருகிறது. அது ஒப்பந்தமல்ல, ஒருதலைச் சலுகை. வியட்நாம் ஆடைகளுக்கும் வரி படிப்படியாக நீங்கும்போது கம்போடியாவும் வங்கதேசமும் பெற்றிருந்த முன்னுரிமை தேய்கிறது. யாரும் அவர்கள்மீது புதிய வரி போடவில்லை, பக்கத்துக் கடைக்கும் அதே தள்ளுபடி கிடைத்துவிட்டது.

அதே நேரம், மூலநாட்டு விதியைத் தளர்த்தினால் வரியைத் தொடாமலே வாழ்வு தரலாம் என்பதையும் ஐரோப்பா காட்டியது. 2011-இல் இந்நாடுகளின் ஆடைகளுக்கு, இறக்குமதித் துணியில் தைத்தாலும் போதும் என்று விதியை மாற்றினார்கள். வங்கதேசத்தின் நெய்த ஆடை ஏற்றுமதிக்கு அது பெரிய உந்துதலாக அமைந்தது. வரி விகிதம் அதற்கு முன்பும் பூஜ்யம்தான்.

உலகளாவிய பேச்சுவார்த்தைகளை இவை பலவீனப்படுத்துகின்றனவா?

வரலாறு இரு பக்கமும் சாட்சி சொல்கிறது. ஐரோப்பியக் கூட்டமைப்பு உருவானதும் வெளியே நின்ற அமெரிக்கா அதன் வெளிவரியைக் குறைக்க வைக்க முனைந்தது. 1964 முதல் 1967 வரை நடந்த உலகளாவிய பேச்சுவார்த்தையான கென்னடி சுற்றுக்கு அது ஒரு முக்கிய உந்துதல். ஆனால் 2001-இல் தொடங்கிய தோஹா சுற்று முடங்கிய பின், அரசுகளின் கவனமும் ஆட்பலமும் தனி ஒப்பந்தங்களுக்கே போயின. ஒன்றின்மேல் ஒன்று பின்னிக் கிடக்கும் இந்த விதிகளைப் பொருளாதார அறிஞர் ஜகதீஷ் பகவதி "ஸ்பகெட்டிக் கிண்ணம்" என்றார். ஒரே ஆலையில் ஒரே பொருளை ஐந்து சந்தைகளுக்கு ஐந்து விதமான கணக்கில் தயாரிக்கும் நிலை அது. பெரிய நிறுவனத்துக்கு அதற்கென்று ஒரு துறை இருக்கும். சிறு ஆலைக்கு இருக்காது. எங்களை அதிகம் உறுத்துவது இதுதான்.

இன்னொன்றும் உண்டு. உலக வர்த்தக அமைப்பின் மேல்முறையீட்டு மன்றம் 2019 டிசம்பர் முதல் செயலிழந்திருக்கிறது. ஒப்பந்தங்களின் சொந்தத் தீர்ப்பாயங்களுக்கு அதனால் எடை கூடியிருக்கிறது. காரின் முக்கியப் பாகம் தனியே தேறிவிட்டால் காரின் கணக்கில் அதை முழுவதும் உள்நாட்டு மதிப்பாகச் சேர்க்கலாமா என்ற வழக்கில், 2023 ஜனவரியில் வெளியான யு.எஸ்.எம்.சி.ஏ. தீர்ப்பு மெக்சிகோ, கனடா பக்கம் நின்றது, அமெரிக்கா தோற்றது.

சரக்கு உள்ளே போய்விட்டால் வேலை முடிந்ததா?

இல்லை. இறக்குமதி நாடு பின்னரும் சரிபார்ப்புக் கேட்கலாம். ஆர்.செப். குறைந்தது 3 ஆண்டுகள், யு.எஸ்.எம்.சி.ஏ. 5 ஆண்டுகள் ஆவணங்களைக் காக்கச் சொல்கின்றன. கடிதம் வந்து குறித்த நாளுக்குள் பதில் போகாவிட்டால், பொருள் உண்மையிலேயே தகுதியுடையதாக இருந்தாலும் சலுகை ரத்தாகும். வரியும் வட்டியும் முதலில் இறக்குமதியாளர் தலையில் விழும், அடுத்த கொள்முதல் உங்களிடம் வராது.

கோப்பில் குறியீட்டின் பதிப்பையும் குறித்துவையுங்கள். எச்.எஸ். பட்டியல் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை மாறும். 2012, 2017, 2022 பதிப்புகள் வந்துவிட்டன, அடுத்தது 2028. ஒப்பந்தத்தின் விதிப் பட்டியல் 2012 எண்களில் இருக்க, சுங்க அறிவிப்பு 2022 எண்ணில் இருக்கும் நிலை சர்வசாதாரணம். எந்தப் பதிப்பின் எண்ணை வைத்துக் கணக்குப் போட்டீர்கள் என்று அன்றே எழுதிவைத்திருந்தால், மூன்று ஆண்டு கழித்துக் கேட்கும் அதிகாரிக்கு ஒரு வரியில் பதில் சொல்லிவிடலாம்.